பார்க்காமல் போட்ட குறி

நீ அத்திப்பள்ளிக்குப் போய் இன்றோடு பதினோரு நாள் ஆகிறது. நான் கூப்பிட்டால் போனை எடுக்க மாட்டாய் என்று தெரிந்த பிறகுதான் எழுத உட்கார்ந்தேன். நலமா என்று கேட்டு ஆரம்பிக்க எனக்குக் கை வரவில்லை. நீ நலமாக இல்லை என்று தெரிந்துகொண்டே அப்படிக் கேட்பது பொய். நம் வீட்டில் ஏற்கெனவே இரண்டு பொய்கள் இருக்கின்றன. ஒன்று நீ சொன்னது, எல்லோருக்கும் தெரியும். இன்னொன்று நான் சொன்னது, உனக்கும் எனக்கும் மட்டும் தெரியும். வரும் புதன்கிழமை கிருஷ்ணகிரியில், ஃபாக்டரி இன்ஸ்பெக்டர் ஆபீசில் விசாரணை. அங்கேயும் பழைய பொய்யையே சொல்லப் போவதாக உங்கப்பாவிடம் போனில் சொன்னாயாம். அதைச் சொல்ல வேண்டாம் என்று கேட்கத்தான் இதை எழுதுகிறேன். உனக்கு மட்டும் எழுதவில்லை. ஒரு நகலைக் கம்பெனியில் என்னோடு வேலை பார்க்கிற செல்வியிடம் கொடுத்திருக்கிறேன். அங்கே நம் லைனில் மிஷின் முன்னால் நிற்கிற எல்லாரும் படிக்கட்டும்.

முதலிலிருந்து சொல்கிறேன், உனக்குத் தெரிந்ததையும் சேர்த்து. உனக்கு அப்போது நாலரை வயது. மூக்கண்டப்பள்ளியில் கௌரம்மாவின் லைன் வீட்டில் மூன்றாவது கதவு நம்முடையது. பள்ளிக்கூடத்தில் உன்னைப் பன்னிரண்டு மணிக்கு விட்டுவிடுவார்கள். எனக்கு இரண்டாம் ஷிஃப்ட் வருகிற வாரத்தில் ஒன்றேகாலுக்குக் கிளம்ப வேண்டும். உங்கப்பா சூளகிரி கம்பெனியில் முதல் ஷிஃப்ட் முடித்து பஸ் பிடித்து வந்து சேர நாலு மணி ஆகும். நடுவில் இரண்டே முக்கால் மணி நேரம் உன்னைப் பார்த்துக்கொள்ள ஆள் இல்லை. சோறு பிசைந்து ஊட்டிவிட்டு, தண்ணீர் பாட்டிலை எட்டுகிற இடத்தில் வைத்துவிட்டு, உன்னை உள்ளே விட்டு வெளியே பூட்டினேன். வாரக்கணக்கில் அல்ல, மூன்று வருடம். நாலு மணிக்கு உங்கப்பா பூட்டைத் திறக்கும்போது நீ சில நாள் கதவை ஒட்டித் தூங்கிக்கொண்டிருப்பாய் என்று அவர் எனக்குச் சொன்னதே இல்லை. போன வாரம்தான் சொன்னார். பெண்களுக்கு வேலை கொடுக்கிறோம் என்று பேனர் கட்டுகிற எந்தக் கம்பெனியும் அந்தப் பெண்களின் பிள்ளைகள் மத்தியானம் எங்கே இருக்கும் என்று கேட்டதில்லை. நானும் கேட்கச் சொல்லவில்லை. கேட்டால் வேலை இருக்காது.

கௌரம்மா போகிறபோது வருகிறபோது ஜன்னல் வழியாக உன்னை எட்டிப் பார்ப்பாள். நீ அடுப்புப் பக்கம் போனாலோ பிளக்கில் கை வைத்தாலோ, "பேடா மகு! முட்டபேடா!" என்று கன்னடத்தில் கத்துவாள். வேண்டாம் குழந்தை, தொடாதே என்று அர்த்தம். பெரம்பலூரிலிருந்து வந்த எனக்கு அப்போது கன்னடம் ஒரு வார்த்தை தெரியாது. ஒருநாள் நான் கிளம்பும்போது என் சேலையைப் பிடித்துக்கொண்டு, "அம்மா, பேடா வேணும், பேடா போட்டுட்டுப் போ" என்று அழுதாய். பால்கோவா மாதிரி விற்பார்களே, அந்தப் பேடாவைக் கேட்கிறாய் என்று நினைத்தேன். மறுநாள் பஸ் ஸ்டாண்ட் கடையில் நாலு பேடா வாங்கி வந்து கொடுத்தேன். அதைக் கையில் வைத்துக்கொண்டு என்னை ஒரு பார்வை பார்த்தாயே. "இது இல்லம்மா. இது திங்கறது." பிறகு ஒன்றை வாயில் போட்டுக்கொண்டு, "இதுவும் இருக்கட்டும்" என்றாய். நானும் கௌரம்மாவும் அதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தோம். நீ கேட்டது என்ன என்று புரிந்துகொள்ள எனக்கு இன்னும் ஒரு வாரம் ஆனது.

நீ கேட்டது ஒரு குறி. ட எழுத்து, அதன் மடியில் ஒரு புள்ளி. அதற்குத்தான் பேடா என்று பெயர் வைத்திருந்தாய். அது செல்லுபடியாகிற ஒரு நாட்டையும் நீயே உண்டாக்கி வைத்திருந்தாய். இந்தப் பக்கத்துப் பஸ் போர்டில் எல்லா ஊரும் கிரி என்று முடிகிறது என்பதால் அதற்கு ஆளில்லாகிரி என்று பெயர். அங்கே பெரியவர்களே கிடையாது. ராஜா இல்லை, போலீஸ் இல்லை, மிஸ் இல்லை. மலைகளுக்கு நடுவே டொம்மன் என்று ஒரு இரும்பு மிருகம் கூட்டம் கூட்டமாக மேயும். பின்தெரு பட்டறையில் இரும்புத் தகட்டை அழுத்தி வெட்டுகிற பிரஸ் அடிக்கிற சத்தம் நாள் முழுக்க நம் சுவரில் டொம் டொம் என்று கேட்குமே, அதிலிருந்து வந்த மிருகம். டொம்மனுக்குக் கண் கிடையாது, வாய் மட்டும்தான். திறந்து திறந்து மூடும். ஆளில்லாகிரியில் கிடைக்கிற மாம்பழம், பட்டம், மழை எல்லாவற்றையும் அது விழுங்கி வைத்திருக்கும். எடுக்க வேண்டுமென்றால் வாய்க்குள் கை விட வேண்டும். நெற்றியில் பேடா போட்டால் வாய் திறந்தபடி நிற்கும். கதவில் போட்டால் திருடன் வரமாட்டான். வயிற்றில் போட்டால் நாலு மணிவரை பசிக்காது. உள்ளங்கையில் ஒருவர் போட்டுவிட்டால் அவர் எவ்வளவு தூரம் போனாலும் திரும்பி வந்தே ஆக வேண்டும். அதனால்தான் நான் கிளம்பும்போது உன் உள்ளங்கையில் போடச் சொல்லி அழுதிருக்கிறாய். உன் சுவர் முழுக்கச் சாக்பீஸில் அந்த நாடு இருந்தது. கௌரம்மா, "ஏனம்மா, உன் மகன் செவுரெல்லாம் நாடு கட்டிட்டான். வாடகை அவன்கிட்டதான் நான் வாங்கணும்" என்பாள்.

அந்தக் குறிக்கு ஒரே ஒரு சட்டம் வைத்திருந்தாய். போடுகிறவர் எதில் போடுகிறாரோ அதை நன்றாகப் பார்த்துவிட்டுப் போட வேண்டும். அந்தச் சட்டத்தை நீ எழுதியது என்னால்தான். ஒருநாள் பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது. பேனாவை எடுத்து, ஒரு கையால் செருப்பை மாட்டிக்கொண்டே, உன் கையில் ஏதோ கிறுக்கிவிட்டு ஓடப் பார்த்தேன். நீ கையை இழுத்துக்கொண்டாய். "நீ பாக்கவே இல்ல. பாக்காம போட்டா அது நிறுத்தாதும்மா. அது டொம்மனைக் கூப்பிடும்." நான் எரிச்சலில், "கூப்பிட்டா கூப்பிடட்டும் போடா" என்று சொல்லிவிட்டுப் பூட்டிக்கொண்டு போனேன். நாலரை வயதுப் பிள்ளைக்குத் தெரிந்த சட்டம், பின்னாளில் கம்பெனியில் முப்பது பேருக்கு லைன் லீடராக இருந்தவளுக்குத் தெரியவில்லை தம்பி. தெரியும். வசதியாக மறந்துவிட்டேன்.

கம்பெனியில் என்னை லைன் லீடர் ஆக்கியபோது உனக்குப் பதினோரு வயது. காலையில் ஷிஃப்ட் ஆரம்பிக்கும் முன் ஒவ்வொரு மிஷினையும் சோதித்து, அதில் தொங்குகிற செக் ஷீட்டில் லீடர் தன் குறியைப் போட வேண்டும். இன்னொரு லீடரான செல்விக்கும் எனக்கும் பேரில் முதல் எழுத்து ஒன்றே. சூப்பர்வைசர் முருகேசன், "ஆளுக்கொரு மார்க் வெச்சுக்கங்க, குழப்பாதீங்க" என்றார். யோசிக்காமலே என் கை ட போட்டு, மடியில் புள்ளி வைத்தது. அன்று சாயங்காலம் உன்னிடம் வந்து சொன்னேன். நீ வெட்கப்பட்டாய், "அய்யே, அதையா போட்ட?" என்றாய். ஆனால் சாப்பிடும்போது, "எத்தனை மிஷின்ல?" என்று கேட்டாய். பதினொன்று என்றேன். "பாத்துட்டுத்தான போடற?" என்றாய். "பின்ன?" என்றேன். முதல் ஒரு மாதம் அது உண்மை.

சோதிப்பது என்றால் என்ன என்று வெளியில் இருப்பவர்களுக்காகச் சொல்கிறேன். பிரஸ்ஸின் முன்னால் இரண்டு பக்கமும் இரண்டு சின்னத் தூண் இருக்கும். நடுவே கண்ணுக்குத் தெரியாமல் ஒளி ஓடும். அதைத் தாண்டிக் கை உள்ளே போனால் பிரஸ் அப்படியே நிற்க வேண்டும். காலையில் ஒரு மரக்குச்சியை நடுவே நீட்டிப் பார்த்து, நிற்கிறதா என்று உறுதி செய்ய வேண்டும். ஒரு மிஷினுக்கு மூன்று நிமிடம் ஆகும். பதினோரு மிஷினுக்கு அரை மணிக்கு மேல். ஆறு மணிக்கு சைரன் அடித்தால் ஆறு ஒன்றுக்கு முதல் பீஸ் விழ வேண்டும் என்பது முருகேசனுக்கு மேலே இருப்பவரின் கணக்கு. எங்கள் பஸ் உள்ளே நுழைவதே அஞ்சே முக்காலுக்கு. "அக்கா, குச்சியை வெச்சுக்கிட்டு கோலம் போட்டுட்டு இருக்காதீங்க, டிக் அடிச்சுத் தள்ளுங்க, ஆடிட்டுக்கு ஷீட்டு ஃபுல்லா இருந்தா போதும்" என்று முருகேசன் சொன்னார். நான் தள்ளினேன். செல்வியும் தள்ளினாள். பதினோரு ஷீட்டையும் மேஜைமேல் பரப்பி, டீ ஆறுவதற்குள் பதினோரு பேடா போட்டுவிடுவேன். பின்னால் சுவரில், ஆள் உயரத்துக்குப் பச்சைப் பெயிண்டில், பாதுகாப்பே எங்கள் முதல் கடமை என்று எழுதியிருக்கும். அந்தச் சுவரைப் பார்க்காமல் இருக்கத்தான் நான் அதற்கு முதுகைக் காட்டி உட்கார்ந்தேன் போலிருக்கிறது.

இதைவிடப் பெரிய தப்பு ஒன்று செய்தேன். பன்னிரண்டாவது முடித்ததும் நீ படம் வரைகிற படிப்பு ஒன்றுக்குப் பெங்களூரில் விண்ணப்பம் வாங்கி வந்தாய். ஆளில்லாகிரியை முழுசாக வரைந்து புத்தகமாகப் போட வேண்டும் என்றாய். ஆறு நோட்டு நிறைய வரைந்து வைத்திருந்தாய். டொம்மனுக்கு ஒரு குட்டிகூடப் பிறந்திருந்தது. நான் ஒரு பக்கத்தையும் புரட்டவில்லை. "நாடு வரைஞ்சா நாளைக்கு யாரு சம்பளம் குடுப்பா? ஐ.டி.ஐ. போ. நம்ம கம்பெனியிலயே சொல்லி வெச்சிருக்கேன்" என்றேன். நீ சண்டை போடவில்லை. போட்டிருக்கலாம். என் பிள்ளை என்கிட்ட எதிர்த்துப் பேசாதவன் என்று ஊரெல்லாம் பெருமை பேசினேன். எதிர்த்துப் பேசாத பிள்ளையைப் பெற்றவர்கள் கொஞ்சம் பயப்பட வேண்டும் என்று இப்போது தெரிகிறது. உனக்கு நாளைக்கு ஒரு பிள்ளை பிறந்தால், அது உன்னிடம் கத்தட்டும். கத்துகிற அளவுக்கு அதற்குத் தைரியம் கொடு.

நீ டிரெயினியாக வந்து, என் லைனிலேயே, ஏழாம் நம்பர் பிரஸ்ஸில் நின்றாய். ஒருநாள், அந்த மிஷினின் ஒளித் தூண் சென்சார் முந்தின ஷிஃப்டில் சும்மா சும்மா நிறுத்திக்கொண்டே இருந்திருக்கிறது. டார்கெட் போய்விடும் என்று யாரோ சொல்லி, யாரோ ஒரு ஒயரைப் போட்டு அதைச் செயல்படாமல் ஆக்கிவிட்டுப் போயிருக்கிறார்கள். சொன்னது யார், போட்டது யார் என்று இன்றுவரை யாருக்கும் தெரியாதாம். இவ்வளவு பெரிய கம்பெனியில், தொப்பி போடாதவன் யார் என்று கேமராவில் கண்டுபிடிக்கிறவர்களுக்கு, இது மட்டும் தெரியாதாம். அன்று காலையில் நான் மேஜையில் உட்கார்ந்து ஏழாம் நம்பர் ஷீட்டிலும் என் குறியைப் போட்டேன். மிஷின் என் நாற்காலியிலிருந்து இருபதடி. எழுந்து போகவில்லை. குச்சியை எடுக்கவில்லை. ஒன்பது மணிக்குக் கொஞ்சம் முன்னால் உள்ளே ஒரு தகடு சிக்கியது. கை விட்டால் நிற்கும் என்று நீ கை விட்டாய். எதற்காக அப்படி நம்பினாய் என்று இந்த உலகத்தில் வேறு யாருக்கும் புரியாது. கண்ணுக்கு நேரே ஷீட்டு தொங்கியது. அதில் ட, மடியில் புள்ளி. அம்மா பார்த்திருக்கிறாள் என்று அதற்கு அர்த்தம்.

வலது கையில் இரண்டு விரல். ஆள்காட்டி விரலும் நடு விரலும். பென்சில் பிடிக்கிற இரண்டு விரல்.

ஆஸ்பத்திரியில் உனக்கு மயக்கம் தெளிந்ததும் நீ தண்ணீர் கேட்கவில்லை. என்னைப் பார்த்து, "பாத்தியாம்மா?" என்றாய். பக்கத்தில் நர்ஸ் இருந்தாள், கையைப் பற்றிக் கேட்கிறாய் என்று நினைத்து, "இப்ப பாக்க வேணாம்பா, கட்டு போட்டிருக்கு" என்றாள். நீ என்ன கேட்டாய் என்று எனக்குத் தெரியும். அந்த ஒரு நிமிடத்தில் உண்மையைச் சொல்லியிருக்கலாம். "பாத்தேன் சாமி. நல்லாத்தான் இருந்துச்சு" என்றேன். நீ கொஞ்ச நேரம் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாய். அப்புறம் கண்ணை மூடிக்கொண்டாய்.

மறுநாள் முருகேசனும் ஹெச்.ஆர். ஆளும் பழங்களோடு வந்தார்கள். என்னை வராந்தாவுக்குக் கூப்பிட்டார் முருகேசன். குரலைத் தாழ்த்தவில்லை, கதவும் திறந்திருந்தது. "அக்கா, நல்லா யோசிச்சுச் சொல்லுங்க. ஷீட்டுல உங்க மார்க் இருக்கு. நீங்க செக் பண்ணினது நெஜம்னா, அப்புறமா ஒயரைப் போட்டது ஆபரேட்டர்தான். நீங்க செக் பண்ணலைன்னா, பொய் ரெக்கார்டு. வேலையும் போகும், கேசும் வரும். ரெண்டுல எது?" நான் சுவரைப் பார்த்துக்கொண்டு நின்றேன். பதினாறு வருடம் அந்தக் கம்பெனி. உள்ளேயிருந்து நீ பேசினாய். "சார், இங்க வாங்க. ஒயரைப் போட்டது நான்தான். பீஸ் வேகமா விழணும்னு போட்டேன். அம்மா பாத்துட்டுத்தான் மார்க் போட்டாங்க." ஹெச்.ஆர். ஆள் பையிலிருந்து தாளை எடுத்தார். முன்கூட்டியே அடித்துக் கொண்டுவந்திருந்தார், அதில் உன் பேரை மட்டும் எழுத வேண்டியிருந்தது. நீ இடது கையால் கிறுக்கிக் கையெழுத்துப் போட்டாய். நான் பக்கத்தில் நின்று பார்த்தேன். தாள் நழுவாமல் இருக்க அதன் ஓரத்தை என் விரலால் அழுத்திப் பிடித்துக்கொண்டேன் தம்பி. யாரும் என்னைப் பிடிக்கச் சொல்லவில்லை.

அதற்குப் பிறகு நாலு மாதம் ஒரே வீட்டில் இருந்தோம். நீ என்னைக் குற்றம் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் பிழைத்திருப்பேன். கம்பெனியில் எல்லோரும், "பையன் அவசரப்பட்டுட்டானே அக்கா, இந்தக் காலத்துப் பசங்க எதைச் சொன்னாலும் கேக்கறதில்ல" என்று துக்கம் விசாரித்தார்கள். நான் தலையாட்டினேன். உன் பேருக்குக் கீழே கவனக்குறைவு என்று எழுதி நோட்டீஸ் போர்டில் ஒட்டினார்கள். பாடம் கற்றுக்கொள்ள வேண்டுமாம். தினமும் அதைத் தாண்டித்தான் சாப்பிடப் போனேன். செல்வி ஒருநாள் அதைக் கிழித்தாள், அவளுக்கு மெமோ கொடுத்தார்கள். மறுநாள் புதிதாக ஒன்று ஒட்டினார்கள். நீ பையைத் தோளில் போட்டுக் கிளம்பும்போது வாசலில் நின்று சொன்னது இன்னும் என் காதில் இருக்கிறது. "நீ பாத்தேன்னு சொன்னப்பவே எனக்குத் தெரியும்மா. பாக்கலன்னு சொல்லியிருந்தா நான் அந்தத் தாள்ல கையெழுத்துப் போட்டிருக்க மாட்டேன். ரெண்டு பேரும் சேந்து கேட்டிருப்போம். நீ அந்தப் பக்கம் போய் நின்னுட்ட. உன்னை விட்டுட்டு நான் மட்டும் எப்படிக் கேக்கறது?"

நான் அந்தப் பக்கம் போய் நின்றேன். ஆமாம். அந்தப் பக்கத்தில் இருப்பவர்கள் எனக்கு யார்? பதினாறு வருடத்தில் என் பிள்ளையின் பேர் கேட்டதில்லை. ஒயரைப் போடச் சொன்னவன் இன்று மத்தியானமும் ஏ.சி. அறையில் சாப்பிட்டிருப்பான். நேரம் கொடுக்காமல் சோதிக்கச் சொல்லி, சோதிக்காமல் குறி போடப் பழக்கி, விரல் போனதும் குறி யாருடையது என்று கேட்கிறார்கள். இதுதான் அவர்கள் வைத்திருக்கிற மந்திரம். தாளில் ஒரு கிறுக்கல் விழுந்துவிட்டால் பழி அவர்கள் மேஜையிலிருந்து நம் மேஜைக்கு வந்துவிடுகிறது. அதைச் சொல்வதற்கு எனக்குக் கோபம் நிறைய இருக்கிறது. ஆனால் கோபத்தைக் காட்டி நான் தப்பிக்கக் கூடாது. நேரம் கொடுக்காதது அவர்கள். "பாத்தேன்" என்று உன் முகத்துக்கு நேரே சொன்னது நான். அதை எந்த முதலாளியும் என்னைச் சொல்லச் சொல்லவில்லை.

நேற்று உன் ஆறு நோட்டையும் எடுத்துப் பார்த்தேன். முதல் தடவையாக. ஆளில்லாகிரியில் கடைசி வரை பெரியவர்கள் யாரும் வரவே இல்லை. ஒரு இடத்தில் மட்டும் பஸ் ஒன்று மலையைச் சுற்றி வருகிற மாதிரி வரைந்து, அடித்திருக்கிறாய். அடித்தலுக்குக் கீழே என்ன இருந்தது என்று வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன். ஜன்னலோரம் சேலை கட்டிய ஒரு உருவம் மாதிரி தெரிந்தது. நானாக இருக்கலாம். இல்லாமலும் இருக்கலாம். கேட்க உரிமை இல்லை.

இடது கையால் வரையப் பழகு என்று எழுத நினைத்தேன். அடித்துவிட்டேன். வெட்டியவள் வைத்தியம் சொல்லக் கூடாது. பழகினாலும் பழகாவிட்டாலும் அது உன் விருப்பம். நான் சொல்ல வந்த புத்தி ஒன்றே ஒன்றுதான். பெற்றவளாக இருந்தாலும், அவளைக் காப்பாற்ற உன் பேரைக் கொடுக்காதே. பாசம் என்று பெயர் சொல்லிப் பிள்ளைகளிடம் நாங்கள் வாங்குவதில் பாதி இதுதான்.

திங்கட்கிழமை நான் முருகேசனிடம் எழுதிக் கொடுத்துவிட்டேன். ஏழாம் நம்பரை நான் சோதிக்கவில்லை, அன்றைக்கு மட்டுமல்ல, பத்து வருடமாக எந்த மிஷினையும் சோதிக்க எங்களுக்கு நேரம் கொடுக்கப்படவில்லை என்று. அவர் படித்துவிட்டு, "அக்கா, இதைக் கிழிச்சுப் போட்டுடறேன், நீங்க வீட்டுக்குப் போங்க" என்றார். "கிழிங்க. இன்னொன்னு கிருஷ்ணகிரிக்குத் தபால்ல போயிடுச்சு" என்றேன். செவ்வாய்க்கிழமை என்னைக் கம்பெனி கேட்டிலேயே நிறுத்திவிட்டார்கள். ஆகவே நீ காப்பாற்ற நினைக்கிற வேலை இப்போது இல்லை. அந்தக் காரணம் தீர்ந்தது.

ஆனால் உன்னை எனக்குத் தெரியும். வேலை போனால் என்ன, அம்மாவைச் சிறைக்கு அனுப்ப முடியாது என்று நினைத்து, அங்கேயும் நான்தான் ஒயரைப் போட்டேன் என்பாய். புதன்கிழமை உன்னை முதலில் கூப்பிடுவார்கள், எனக்கு உன் பின்னால் நாற்காலி. நீ உண்மையைச் சொன்னால் நான் எழுந்து ஆமாம் என்பேன், எனக்கு என்ன வந்தாலும் வரட்டும். நீ பழையபடி சொன்னால், அத்தனை பேர் முன்னால், அந்தப் பழத்தோடு வந்தவர்கள் பார்த்துக்கொண்டிருக்க, என் மகன் பொய் சொல்கிறான் என்று நான் சொல்வேன். சொல்லியே தீருவேன். என் வாயால் உன்னைப் பொய்யன் என்று சொல்ல வைக்காதே, சாமி.